லிங்கராஜபுரத்து வானில் ஓர் ஒளிமிதவை

பெங்களூர் லிங்கராஜபுரம் மேம்பாலத்தில் இரவு ஒன்பது மணிக்கு அண்ணாந்து பார்த்தால் இரண்டு வகை வானவாசிகள் தெரியும். ஒளிர்பவை ஒரு வகை. தேவனஹள்ளி நோக்கி இறங்கும் விமானம், அதன் இடது இறக்கை நுனியில் சிவப்பு விளக்கு, வலது நுனியில் பச்சை. எங்கோ ஒரு கல்யாண வீட்டு ட்ரோன். டிசம்பர் என்றால் குக் டவுன் பக்கத்து மொட்டைமாடிகளில் தொங்கும் கிறிஸ்துமஸ் நட்சத்திரங்கள். உயிருள்ளவை இன்னொரு வகை. மரத்துக்கு மரம் தாவும் பழந்தின்னி வௌவால், விளக்கைச் சுற்றும் பூச்சி, பகலானால் கறிக்கடைகளுக்கு மேலே வட்டமிடும் கள்ளப்பருந்து. ஒளிர்வதற்கு உயிரில்லை, உயிருள்ளதற்கு ஒளியில்லை.

இரண்டையும் ஒன்றாக்கிப் பார்க்கும் ஆசை மிகப் பழையது. வானத்திலேயே பிறந்து, வானத்திலேயே தின்று, தானாக ஒளிரும் ஓர் உயிரை இதிகாசக்காரர்கள் முதல் கைப்பேசி விளையாட்டு செய்பவர்கள் வரை பலரும் படைத்துப் பார்த்திருக்கிறார்கள். அவற்றுள் சில தலைமுறை தாண்டி நிற்கின்றன. பல, அடுத்த காட்சி வந்ததும் மறந்துபோகின்றன. அந்த ஒளி அந்த உலகத்தில் என்ன வேலை செய்கிறது, அதற்கான செலவை யார் கொடுக்கிறார்கள் என்று படைத்தவர் யோசித்தாரா இல்லையா என்பதே வித்தியாசம். இதைச் சோதிக்க லிங்கராஜபுரத்து வானிலேயே ஓர் உயிரைப் புதிதாகக் கட்டிப் பார்க்கலாம். வசதிக்காக அதற்கு ஒளிமிதவை என்று பெயர். கட்டுவதற்கு முன், ஏற்கெனவே கட்டியவர்கள் எப்படிச் செய்தார்கள் என்று ஒரு சுற்று பார்த்துவிடுவது நல்லது.

பழையவற்றில் முதலிடம் கருடனுக்கு. மகாபாரதத்தின் ஆதிபருவத்தில் முட்டையை உடைத்துக்கொண்டு வரும்போதே அவன் பெருந்தீயாக ஒளிர்கிறான். தேவர்கள் அக்கினிதான் உலகை எரிக்க வந்துவிட்டான் என்று பயந்து அக்கினியிடமே ஓடுகிறார்கள். அது தானில்லை, கருடன் என்று அக்கினி விளக்க வேண்டியிருக்கிறது. பிறகு தேவர்கள் துதிக்க, கருடன் தன் ஒளியைத் தானே குறைத்துக்கொள்கிறான். கதை சொல்லத் தெரிந்தவர்களின் வேலை இது. ஒளி அவனுக்கு அலங்காரமாக வரவில்லை, ஊருக்குத் தொந்தரவாக வருகிறது. அந்தத் தொந்தரவைத் தீர்ப்பதே அவனுடைய முதல் செயல். தாய் வினதையின் அடிமைத்தளையை அறுக்க அமுதம் கொண்டுவருவதும், பாம்புகளோடு தீராப் பகை கொள்வதும், திருமாலின் ஊர்தியும் கொடியும் ஆவதும் அதற்குப் பிறகு. அவனை எடுத்துவிட்டால் அந்த உலகத்தில் பல கதைகள் நின்றுபோகும்.

சகோரத்தின் நிலை வேறு. நிலவொளியைக் குடித்து வாழும் பறவை என்று கவிகள் நூற்றாண்டுகளாகச் சொல்லிவந்தார்கள். ஒளியைத் தின்னும் வானுயிர் என்ற கருத்து அற்புதமானது. ஆனால் அது யாரையும் தின்பதில்லை, யாரும் அதைத் தின்பதில்லை, நிலவில்லாத அமாவாசையில் என்ன செய்யும் என்று யாரும் கேட்பதுமில்லை. காதலனின் ஏக்கத்துக்கு உவமை ஆவதோடு அதன் வேலை முடிந்துவிடுகிறது. அதே பெயரில் இமயமலைச் சரிவுகளில் இன்றும் வாழும் கௌதாரி இனப் பறவை தரையில் ஓடி விதையும் பூச்சியும் பொறுக்கித் தின்கிறது. பாகிஸ்தானின் தேசியப் பறவையும் அதுவே. கவிதையின் சகோரத்தைவிட இந்தக் கௌதாரிக்குச் சொல்லக் கதை அதிகம்.

தமிழ்நாட்டுக்கு நெருக்கமான ஒளியுயிர் கொள்ளிவாய்ப் பிசாசு. வானத்தில் உயரப் பறப்பதில்லை, சதுப்பு நிலத்துக்கு மேலே ஆளுயரத்தில் மிதக்கும். 1950 முதல் 1954 வரை கல்கி இதழில் வந்த 'பொன்னியின் செல்வ'னில் கோடிக்கரைச் சதுப்பு நிலத்தில் பூங்குழலி இவற்றைக் காட்டித் தன் காதலர்கள் என்கிறாள். வந்தியத்தேவன் நடுங்குகிறான். பேய் என்று ஊர் பயப்படும் ஒன்றை ஒரு பெண் தன் தனிமைக்குத் துணையாக்கிக்கொள்வதில் கல்கி அந்த வெளிச்சத்துக்கு ஒரு வேலை கொடுத்துவிட்டார். பூங்குழலியின் மனத்தைப் பக்கம் பக்கமாக விளக்காமல் நான்கு தீக்கொழுந்துகளை வைத்தே காட்டிவிடுகிறார்.

சதுப்பு வெளிச்சத்துக்குப் பின்னால் இருக்கும் வாயு மீத்தேன். இத்தாலியின் மஜ்ஜோரே ஏரிக்கரைச் சேற்றிலிருந்து 1776-ல் அதைச் சேகரித்து ஆராய்ந்தவர், பின்னாளில் மின்கலத்துக்குப் புகழ்பெற்ற வோல்டா. அது யாரும் கொளுத்தாமல் எப்படிப் பற்றுகிறது என்பதுதான் நெடுநாள் புதிர். நீரில் எழும் மீத்தேன் நுண்குமிழிகளுக்கு இடையே கண்ணுக்குத் தெரியாத அளவில் மின்பொறி தாவுவதை ஸ்டான்போர்டு பல்கலைக்கழகத்தின் ரிச்சர்ட் ஸேர் குழுவினர் 2025-ல் காட்டினார்கள். பெங்களூர்வாசிகளுக்கு இந்த வேதியியல் புதிதல்ல. நகரின் தென்கிழக்கே பெல்லந்தூர் ஏரி 2015, 2017, 2018 என்று மீண்டும் மீண்டும் தீப்பிடித்தது. கழிவுநீர், நுரை, காய்ந்த களை, அடியில் அழுகும் குப்பையின் வாயு எல்லாம் சேர்ந்த நெருப்பு அது. 2018 ஜனவரியில் அதை அணைக்க ராணுவம் வர வேண்டியிருந்தது. கொள்ளிவாய்ப் பிசாசு என்று யாரும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தவறாகவும் இருந்திருக்காது.

இருபதாம் நூற்றாண்டில் விமானம் வந்த பிறகு கற்பனை உயரம் ஏறியது. ஷெர்லக் ஹோம்ஸைப் படைத்த கானன் டாயில் 1913-ல் ஸ்ட்ராண்ட் இதழில் ஒரு சிறுகதை எழுதினார். நாற்பதாயிரம் அடிக்கு மேல் வானத்தில் காடுகள் இருக்கின்றன. அங்கே ஜெல்லிமீன் போன்ற உயிர்கள் மணி வடிவில் வண்ணம் காட்டி மிதக்கின்றன. அவற்றுக்கு நடுவே கொலைகாரப் பிராணியும் உண்டு. போன விமானி திரும்பவில்லை, அவன் குறிப்பேடு மட்டும் கிடைக்கிறது. அப்போதைய விமானங்கள் எட்ட முடியாத உயரம் என்பதால் கதை நம்பும்படி இருந்தது. இன்று தேவனஹள்ளியிலிருந்து தில்லி போகும் விமானம் ஏறக்குறைய அந்த உயரத்தில்தான் பறக்கிறது, உள்ளே சமோசா பரிமாறுகிறார்கள். டாயிலின் வானுயிர்களுக்கு இருந்த ஒரே பலம் அவை இருக்கும் இடம் யாருக்கும் தெரியாது என்பது. இடம் தெரிந்ததும் அவை காலி.

அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க் இந்தத் தவற்றைச் செய்யவில்லை.

கிளார்க் 1956-ல் இலங்கைக்குக் குடிவந்தார். 2008 மார்ச்சில் கொழும்பில் இறக்கும்வரை அதுதான் ஊர். அவரை அங்கே இழுத்தது விண்வெளி இல்லை, கடல். வந்த புதிதில் நண்பர் மைக் வில்சனோடு திருகோணமலையில் சுவாமி மலைக்குக் கீழே மூழ்கியபோது, பதினேழாம் நூற்றாண்டில் போர்த்துக்கீசியர் இடித்துக் கடலில் தள்ளிய கோணேசர் கோயிலின் தூண்களையும் செதுக்கிய கற்களையும் நீருக்கடியில் பார்த்தார்கள். 1957-ல் வெளியான அவருடைய நூலில் அந்த அனுபவம் இருக்கிறது. கடலுக்குள் எடையில்லாமல் தொங்கிக்கொண்டு, தன்னைச் சட்டை செய்யாத பெரிய உயிர்களைப் பார்த்த மனிதரே பிறகு வியாழன் கோளின் வானத்தை எழுதுகிறார்.

1971 டிசம்பரில் வெளியாகி, குறுநாவலுக்கான நெபுலா விருது பெற்ற 'எ மீட்டிங் வித் மெடூசா' என்ற அந்தக் கதையில், ஹோவர்டு பால்கன் என்ற விமானி சூடேற்றிய ஹைட்ரஜன் நிரப்பிய பலூனில் வியாழனின் மேகங்களுக்குள் இறங்குகிறான். அங்கே ஒரு மைலுக்கும் மேல் அகலமான மிதக்கும் உயிர், கீழே தொங்கும் எண்ணற்ற விழுதுகள். மெடூசா என்று பெயரிடுகிறார்கள். அதை வேட்டையாடத் திருக்கை வடிவப் பறக்கும் உயிர்களின் கூட்டம் வருகிறது. மெடூசா மின்னதிர்ச்சி கொடுத்து விரட்டுகிறது. அதன் பக்கவாட்டில் கட்டம் கட்டமாகத் தெரியும் அமைப்பு வானொலி அலைகளுக்கான இயற்கை ஆண்டெனா என்று பால்கன் கண்டுகொள்கிறான்.

கிளார்க்கின் கைத்திறன் ஒளியைப் பங்கிட்ட விதத்தில் இருக்கிறது. வியாழனின் வானத்தில் திடீரென்று ராட்சதச் சக்கரத்தின் ஆரங்கள் போல ஒளிப்பட்டைகள் சுழல்கின்றன. அதற்கான விளக்கத்தை அவர் இந்தியப் பெருங்கடலிலிருந்தே எடுக்கிறார். பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்தே பாரசீக வளைகுடாவிலும் இந்தியப் பெருங்கடலிலும் சென்ற கப்பல்களின் மாலுமிகள், நீருக்குள் ஒளிச்சக்கரங்கள் சுழல்வதைக் குறித்துவைத்திருக்கிறார்கள். கடலில் ஒளிரும் நுண்ணுயிர்கள் அதிர்ச்சியலை படும்போது ஒளிர்வதுபோல, வியாழனின் காற்றிலும் நுண்ணுயிர்கள் ஒளிர்கின்றன என்கிறது கதை. ஆக ஒளி அடித்தட்டில், நுண்ணுயிரிடம். மின்சாரம் நடுவில், மெடூசாவிடம். பசி மேலே, வேட்டைக் கூட்டத்திடம். ஒரு வானம் முழுக்க உணவுச் சங்கிலி. கதை வந்து நாற்பத்தைந்து ஆண்டுகள் கழித்து, 2016-ல் ஸ்டீபன் பாக்ஸ்டரும் அலஸ்டேர் ரெனால்ட்ஸும் சேர்ந்து அதே மெடூசாக்களை வைத்து ஒரு முழு நாவல் எழுதினார்கள். எழுத இடம் மிச்சமிருந்தது.

சென்னைக் கடற்கரைக்காரர்களுக்கு அந்த அடித்தட்டு ஒளி பழக்கமானது. 2019 ஆகஸ்டில் திருவான்மியூர், பெசன்ட் நகர்ப் பக்கம் அலைகள் நீலமாக ஒளிர்ந்தபோது நள்ளிரவில் கூட்டம் கூடியது. நாக்டிலூகா என்ற ஒற்றைச்செல் உயிர் செய்த வேலை அது.

கிளார்க்குக்குப் பிறகு விஞ்ஞானிகளே களத்தில் இறங்கினார்கள். வெள்ளியின் மேகங்களில் ஹைட்ரஜன் பை கொண்ட சிறு உயிர்கள் மிதக்கக்கூடும் என்று 1967-லேயே ஹரால்டு மோரோவிட்ஸோடு எழுதிய கார்ல் சேகன், 1976-ல் எட்வின் சால்பீட்டரோடு சேர்ந்து வியாழனுக்கு ஒரு முழு வாழிடத்தையே கணக்குப் போட்டுக் காட்டினார். மூழ்கிக்கொண்டே இனப்பெருக்கம் செய்பவை, மிதப்பவை, வேட்டையாடுபவை என்று பிரித்து, வெப்பத்துக்கும் அழுத்தத்துக்கும் ஈடுகொடுக்குமா என்று சரிபார்த்த ஆய்வுக் கட்டுரை அது. 1980-ல் 'காஸ்மோஸ்' தொலைக்காட்சித் தொடரில் அடால்ப் ஷாலரின் ஓவியங்களாக அவை உலகம் முழுக்கப் போயின. 1995 டிசம்பர் 7 அன்று கலிலியோ விண்கலத்தின் ஆய்வுக்கருவி வியாழனுக்குள் இறங்கி ஒரு மணிநேரத்துக்குச் சற்றுக் குறைவாகத் தகவல் அனுப்பிவிட்டு அடங்கியது. அதில் கேமரா இல்லை. கற்பனைக்கு இன்னும் கொஞ்சம் இடம் விட்டுவைத்த சிக்கனம் என்று எடுத்துக்கொள்ளலாம்.

இனி ஒளிமிதவை. முதல் கேள்வி, எது தாங்கும்? வியாழனில் காற்றே பெரும்பாலும் ஹைட்ரஜன் என்பதால் அங்கே சூடேற்றிய ஹைட்ரஜன் வேண்டும். பூமியில் அந்தக் கவலை இல்லை. பெங்களூர் கடல்மட்டத்திலிருந்து ஏறக்குறைய 900 மீட்டர் உயரம். இங்கே ஒரு கனமீட்டர் ஹைட்ரஜன் சுமார் ஒரு கிலோ எடையைத் தூக்கும். லிங்கராஜபுரத்து வாடகை வீட்டில் பத்துக்குப் பன்னிரண்டு அறை, பத்தடி உயரம் என்று வைத்தால் 34 கனமீட்டர். அந்த அறை முழுக்க ஹைட்ரஜன் அடைத்தாலும் ஓர் ஐந்தாம் வகுப்புப் பிள்ளையைத்தான் தூக்கும். பை, விழுது, தசை எல்லாம் சேர்த்து ஐம்பது கிலோ எடையுள்ள ஒளிமிதவைக்கு நாலரை மீட்டர் குறுக்களவுள்ள பை தேவை. அந்த வட்டாரத்து இருபதடிச் சாலையில் இரண்டு பக்கமும் இரண்டரை அடி விட்டு ஒருவழியாக நுழையும்; நடுவில் கேபிள் வயர்கள் இல்லாமல் இருந்தால்.

ஹைட்ரஜனை எங்கிருந்து எடுக்கும் என்பது சிக்கலில்லை. விலங்குகளின் குடலில் வாழும் பாக்டீரியாக்கள் பல ஹைட்ரஜனை உண்டாக்குகின்றன. உயிர் தானே வாயு தயாரித்து மிதப்பதும் நடக்கிற காரியம்தான்: போர்த்துக்கீசியப் போர்க்கப்பல் என்று அழைக்கப்படும் கடலுயிர் தன் மிதவைப் பைக்குள் கார்பன் மோனாக்சைடு நிரப்பிக்கொள்கிறது. ஆனால் ஹைட்ரஜன் மூலக்கூறு மிகச் சிறியது, எந்தச் சவ்விலும் கசியும். ஒளிமிதவை ஓயாமல் தின்றுகொண்டே இருந்தால்தான் மேலே இருக்க முடியும். பட்டினி கிடந்தால் இறங்கிவிடும். கதை எழுதுபவருக்கு இது வரம்: பசி வந்தால் உயிர் போகும்முன் உயரம் போகும், அதை ஊரே கண்ணால் பார்க்கும்.

சிறகு வைத்தால் என்ன என்று கேட்கலாம். ஐரோப்பாவின் உழவாரன் குருவிகளில் சில, ஆண்டில் பத்து மாதம் தரையில் கால்வைக்காமல் பறப்பதை ஸ்வீடனின் லுண்ட் பல்கலைக்கழகத்தினர் 2016-ல் நிரூபித்தார்கள். வானவாசி என்ற பட்டத்துக்கு அதைவிடத் தகுதியானது பூமியில் இல்லை. ஆனால் அது ஒளிர்வதில்லை. ஒளிரும் பறவை, ஒளிரும் பாலூட்டி என்று எதுவும் கிடையாது; முதுகெலும்புள்ளவற்றில் சொந்த ஒளி உள்ளவை மீன்கள் மட்டுமே.

இரண்டாவது கேள்விதான் சுவையானது. ஒளி எதற்கு? உயிரொளியில் வெப்பம் குறைவு, ஆனால் இலவசமில்லை. லூசிபெரின் என்ற பொருளை ஒவ்வொரு முறையும் எரித்தாக வேண்டும். அந்தச் செலவுக்கு வரவு இல்லாவிட்டால் இயற்கை அதை விட்டுவைக்காது. மின்மினிக்கு வரவு, துணை. ஆனைமலைப் புலிகள் காப்பகத்தில் மழைக்கு முந்தைய மாதங்களில் மரம் மரமாக ஒரே தாளத்தில் அவை அணைந்து எரிவது அந்த அழைப்பின் கூட்டுக்குரல். அமெரிக்காவில் போட்டூரிஸ் என்ற மின்மினி இனத்தின் பெண், வேறோர் இனப் பெண்ணின் சமிக்ஞையை அப்படியே காட்டி, ஆசையோடு வரும் ஆணைப் பிடித்துத் தின்றுவிடும். வரவு, சாப்பாடு.

கடலாழத்தில் இதைவிட விசித்திரமான கணக்கு உண்டு. அங்கே பல மீன்களும் கணவாய்களும் வயிற்றுப்பக்கம் மட்டும் ஒளிர்கின்றன. கீழிருந்து பார்க்கும் வேட்டைக்காரனுக்கு, மேலிருந்து வரும் மங்கிய வெளிச்சத்தின் நடுவே இருட்டு நிழலாகத் தெரியாமலிருக்க அந்த ஏற்பாடு. ஒளிர்ந்தால் மறையலாம். இரண்டாம் உலகப்போரில் அமெரிக்கக் கடற்படை விமானத்தின் முகப்பில் விளக்குகள் பொருத்தி, பகல் வானத்தின் பின்னணியில் அதை மறைக்க முடியுமா என்று சோதித்தது. வெகு அருகில் வரும்வரை கண்ணுக்குத் தெரியாமல் கொண்டுவர முடிந்தது. ஒளிரும் வானுயிரை இரவிலேயே பறக்கவிடும் கதாசிரியர்கள் இந்தப் பாதியைத் தவறவிடுகிறார்கள். அதே உயிர் பகலில் ஒளிர்ந்தபடியே காணாமல் போகலாம். கள்ளப்பருந்து அத்தனை சுற்றும் லிங்கராஜபுரத்தில் ஒளிமிதவைக்கு அந்த வித்தை கட்டாயம் வேண்டும். பருந்தின் ஒரு நகம் போதும், நாலரை மீட்டர்ப் பை கிழிய.

இரவில் வேலை வேறு. பூச்சிகள் ஏன் விளக்கைச் சுற்றுகின்றன என்பதற்கு நிலாவைப் பார்த்து வழி போடுகின்றன என்ற பழைய விளக்கம் பள்ளிப் புத்தகம் வரை ஊறிவிட்டது. லண்டன் இம்பீரியல் கல்லூரியின் சாமுவேல் பேபியனும் புளோரிடாவில் ஆய்வு செய்த யஷ் சோந்தியும் அதிவேகக் கேமராக்கள் வைத்து எடுத்த படங்களை 2024 ஜனவரியில் வெளியிட்டபோது கதை மாறியது. பறக்கும் பூச்சி எப்போதும் வெளிச்சம் வரும் திசைக்கு முதுகைக் காட்டும். கோடிக்கணக்கான ஆண்டுகளாக வெளிச்சம் என்றால் வானம், வானம் என்றால் மேலே. விளக்குக்கு அருகில் வந்ததும் அதற்கு முதுகைத் திருப்பி, திரும்பத் திரும்ப வளைந்து அங்கேயே மாட்டிக்கொள்கிறது. அதாவது ஒளி பூச்சிக்கு ஆசை காட்டுவதில்லை, மேல் கீழ் தெரியாமல் செய்துவிடுகிறது. ஒளிமிதவைக்கு இதைவிட நல்ல தூண்டில் எது? விழுதுகளின் நடுவே ஒளிர்ந்துகொண்டு சும்மா மிதந்தால் போதும்.

இங்கே உண்மையான வானவாசிகள் சிலருக்கும் இடம் கொடுத்தாக வேண்டும். பெங்களூரைத் தலைமையிடமாகக் கொண்ட இஸ்ரோ, 2005-ல் ஹைதராபாதிலிருந்து ஒரு பெரிய ஆய்வு பலூனை அனுப்பி, 20 முதல் 41 கிலோமீட்டர் உயரம் வரையான காற்றைக் குளிரூட்டிய குழாய்களில் பிடித்துவந்தது. அதில் பன்னிரண்டு பாக்டீரியா, ஆறு பூஞ்சைக் கூட்டங்கள் வளர்ந்தன. மூன்று பாக்டீரியாக்கள் முற்றிலும் புதியவை, புறஊதாக் கதிரை நன்றாகத் தாங்குபவை என்று 2009-ல் அறிவித்தார்கள். ஒன்றுக்கு ஆரியபட்டர் பெயர், இன்னொன்றுக்கு இஸ்ரோவின் பெயர், மூன்றாவது ஜானிபாக்டர் ஹோய்லி. இந்த ஹோய்ல், ஜயந்த் நார்லிகரின் ஆசானும் வானியலாளருமான பிரெட் ஹோய்ல். 1957-ல் சூரியனை மறைக்க வரும் அறிவுள்ள மேகத்தைப் பற்றி நாவல் எழுதியவர். வானத்து உயிரைக் கற்பனை செய்தவரின் பெயர் வானத்தில் பிடித்த உயிருக்கே போய்ச் சேர்ந்திருக்கிறது. இந்த பாக்டீரியாக்கள் அங்கே குடியிருப்பவையா, காற்றோடு வந்த பயணிகளா என்று வாதிடலாம். ஒளிரவில்லை என்பது மட்டும் நிச்சயம்.

ஒளிர்பவை இன்னும் மேலே. இடிமேகங்களுக்கு மேல் 50 முதல் 90 கிலோமீட்டர் உயரத்தில், சிவந்த ஜெல்லிமீன் வடிவில் சில மில்லிநொடி மட்டும் தோன்றி மறையும் மின்னல்களை விமானிகள் பலகாலம் சொல்லியும் யாரும் நம்பவில்லை. 1989-ல் அமெரிக்காவில் தற்செயலாகப் படம் சிக்கியது. இயற்பியலாளர்கள் அவற்றுக்கு ஸ்பிரைட் என்று தேவதைக் கதைகளின் பெயரையே வைத்தார்கள். படைத்தவர்கள் சோர்ந்துபோனால் இயற்கை எடுத்துக் கொடுக்கும்போல.

திரைக்கு வந்தால், 2009-ன் 'அவதார்' நல்ல உதாரணம். காற்றில் மிதந்துவரும் ஒளிரும் விதைகள் கதாநாயகன் மேல் வந்து அமர்கின்றன. அவனைக் கொல்ல வில்லை வளைத்த பெண் அதைப் பார்த்து அம்பை இறக்குகிறாள். விதைகள் புனித மரத்தினுடையவை என்பதால் அவள் அதற்குக் கட்டுப்பட்டாக வேண்டும். சில நொடிக் காட்சி, ஆனால் எடுத்துவிட்டால் கதையே இல்லை. 2025 டிசம்பரில் வந்த மூன்றாம் பாகத்தில், ஜெல்லிமீன் வடிவ ராட்சத மிதவையுயிரின் கீழே கூண்டு கட்டி வணிகம் செய்யும் நாடோடிக் கூட்டம் வருகிறது. கிளார்க்கின் மெடூசாவுக்கு வண்டி மாட்டிவிட்டார்கள். 2019-ல் ஜெனோவா சென்னின் நிறுவனம் வெளியிட்ட 'ஸ்கை' என்ற கைப்பேசி விளையாட்டில் ஒளிரும் திருக்கைகளும் ஜெல்லிமீன்களும் வானத்தில் திரிகின்றன. ஆடுபவரின் மேலங்கியில் ஒளி தீர்ந்தால் பறக்க முடியாது, அவற்றைத் தொட்டு நிரப்பிக்கொள்ள வேண்டும். அந்த ஒளியைப் பறிக்க இருண்ட பிராணியும் அலைகிறது. சகோரத்துக்கு நம் கவிகள் கொடுக்க மறந்த எதிரியை விளையாட்டுக்காரர்கள் மறக்கவில்லை.

இந்தத் தொழிலில் பெங்களூருக்கும் பங்குண்டு. அனிமேஷன், விஷுவல் எபெக்ட்ஸ், கேமிங் துறைக்கென்று 2012-லேயே தனிக் கொள்கை வகுத்த மாநிலம் கர்நாடகம். 'தி ஜங்கிள் புக்', 'தி லயன் கிங்' படங்களின் விலங்குகளைச் செய்த எம்.பி.சி. நிறுவனத்தின் பெரிய கிளை இங்கே இருந்தது. தாய் நிறுவனமான டெக்னிகலர் 2025 பிப்ரவரியில் நொடித்தபோது அதுவும் மூடப்பட்டு, ஆயிரக்கணக்கானோர் வேலை இழந்தார்கள். இத்துறையில் ஒளிரும் உருவம் செய்கிறவர்களுக்கு ஓர் அடிப்படைப் பாடம் உண்டு: உருவத்தை எவ்வளவு பளிச்சென்று வைத்தாலும், அதன் வெளிச்சம் பக்கத்துச் சுவரிலும் மரத்திலும் முகத்திலும் விழாவிட்டால் ஒட்டவைத்ததுபோல இருக்கும். நம்மூரில் எடுக்கப்படும் மாயாஜாலப் படங்களில் கணினிக்காரர்கள் இதைச் சரியாகவே செய்கிறார்கள். கதை எழுதுபவர்கள்தான் பல நேரம் அந்த உயிரை யார்மேலும் படாமல் பறக்கவிட்டுவிடுகிறார்கள். பாட்டு முடிந்ததும் அது எங்கே போனது என்று தெரிவதில்லை.

ஆகவே ஒளிமிதவை யார்மேல் படும்? ஆண்டு முழுக்க வைத்துப் பார்த்தால் தெரியும். ஏப்ரல், மே கோடைமழைக்கு மறுநாள் லிங்கராஜபுரத்துத் தெருவிளக்குகளில் ஈசல் மொய்க்கும். அதுதான் அதற்கு விருந்துக் காலம். தின்று கொழுத்து உயரம் ஏறும். கொசுவும் குறையும் என்பதால் ஜனங்கள் அதை விரும்புவார்கள், குடியிருப்போர் சங்கத்தில் மட்டும் வெளிச்சத்தால் தூக்கம் கெடுகிறது என்று ஒருவராவது மனு கொடுப்பார். அதன் முதல் எதிரி பருந்தோ வௌவாலோ இல்லை, வெள்ளை எல்.இ.டி. விளக்குதான். ஹென்னூர் சாலை முழுக்க அத்தனை தூண்டில் எரியும்போது இதன் தூண்டிலுக்கு எந்தப் பூச்சி மயங்கும்? மின்வெட்டான இரவுகளில்தான் வயிறு நிறையும். ஊர் இருண்டால் இது பிரகாசிக்கும், ஊர் ஒளிர்ந்தால் இது மெலிந்து கீழே வரும். கதைக்கு வேண்டிய முரண் இந்த ஒரு வரவு செலவிலேயே கிடைத்துவிடுகிறது. ஜூன் முதல் செப்டம்பர் வரை தென்மேற்குக் காற்று பலமாக அடிக்கும். பையுள்ள பிராணி எதிர்த்து நிற்காது, தூங்குமூஞ்சி மரத்தின் உச்சிக் கிளையிலோ செல்போன் கோபுரத்திலோ விழுதுகளைச் சுற்றிக்கொண்டு தொங்கும்.

அதைவிடப் பெரிய சோதனை தீபாவளி. 1937 மே 6 அன்று அமெரிக்காவின் லேக்ஹர்ஸ்டில் ஹிண்டன்பர்க் ஆகாயக் கப்பல் ஒரு நிமிடத்துக்குள் எரிந்து 36 பேர் இறந்ததற்கு உள்ளேயிருந்த ஹைட்ரஜனும் காரணம். நாலரை மீட்டர் ஹைட்ரஜன் பையோடு ராக்கெட் வெடி பாயும் தெருவுக்கு மேலே மிதப்பது தற்கொலை. எழுதுகிறவர் அந்த வாரம் அதை எங்கே அனுப்பப் போகிறார் என்பதை முதல் அத்தியாயத்திலேயே தீர்மானித்துவிட வேண்டும். வைணு பாப்பு வானாய்வகத்துக்காக இருட்டு தேடிப் போன காவலூர், ஜவ்வாது மலையில் இருக்கிறது. ஒளிரும் உயிருக்கு அதுவே பொருத்தமான இடம் என்று தோன்றும். ஆனால் ஐப்பசியில் காற்று வடகிழக்கிலிருந்து வீசும், காவலூரோ கிழக்கே. மிதவை தென்மேற்காகத்தான் தள்ளப்படும். பன்னேர்கட்டா தாண்டிக் காவிரிக் காடுகள் வரை அதற்கு வழி இருக்கிறது, இருட்டும் இருக்கிறது, அந்த மாதத்துக்குப் போதுமான பூச்சியும் இருக்கிறது. திரும்பி வருவதற்கு அடுத்த தென்மேற்குப் பருவக்காற்று வரை காத்திருக்க வேண்டும். அதற்குள் கோடைமழையின் ஈசல் பருவம் முடிந்துவிடும்.